உரசிக் கழுவிய மீன்

கறுப்புத் தாளின் மேல் பதினொரு கற்கள் கிடந்தன. ஒவ்வொன்றும் அரிசிக் குறுநொய் அளவுதான். கரோலின் ஊசி முனையால் அவற்றைத் திருப்பிப் போட்டுக் கண்ணாடியின் கீழ் பார்த்தாள். ஒன்பது கற்களின் ஓரம் வழவழவென்று இருந்தது. இரண்டுக்கு மட்டும் அடிப்பக்கத்தில் சின்னச் சின்னப் பற்கள்.

பதினொன்றுக்கும் பல் இருந்திருக்க வேண்டும்.

கல்லூரியில் கடைசி மணி அடித்து வெகு நேரமாகியிருந்தது. விலங்கியல் ஆய்வகத்தின் ஜன்னல் வழியாகப் பாளையங்கோட்டையின் மாலைப் போக்குவரத்து கேட்டது. அவள் கற்களைத் திரும்ப எண்ணினாள். எண்ணிக்கை மாறாது என்று தெரிந்தேதான் எண்ணினாள்.

அவை மீனின் காதுக்குள் இருக்கும் கற்கள். லாந்தர் மீன் என்று அவள் மாணவிகளுக்குச் சொல்லும் மீன் அது. விரல் நீளத்துக்கு மேல் வளராது. பகல் முழுக்க வெளிச்சம் எட்டாத ஆழத்தில் கிடக்கும். பொழுது சாய்ந்ததும் கூட்டம் கூட்டமாக மேலே ஏறி வந்து இரை தின்றுவிட்டு, விடிவதற்கு முன் இறங்கிவிடும். வயிற்றிலும் விலாவிலும் வரிசையாக ஒளிப்புள்ளிகள். கீழேயிருந்து அண்ணாந்து பார்க்கும் பெரிய மீனுக்குத் தன் நிழல் தெரியாமலிருக்க, மேலிருந்து வரும் மங்கல் வெளிச்சத்தின் அளவுக்குத் தானும் ஒளிர்ந்துகொள்ளும். ஒளிவதற்காக விளக்கேற்றிக்கொள்ளும் உயிர். ஏழு வருடமாக அவள் அதைப் படிக்கிறாள். வேலை பார்த்துக்கொண்டே செய்யும் ஆய்வு. வரும் இருபதாம் தேதி வாய்மொழித் தேர்வு.

ஒவ்வொரு வகை லாந்தர் மீனுக்கும் அந்தப் புள்ளிகள் அமைந்திருக்கும் இடம் வேறு. வகை பிரிக்க அதை வைத்துத்தான் எண்ணுவார்கள். பெயரில் என்ன இருக்கிறது என்று விட்டுவிட முடியாது. ஒரு வகை தன் உடம்பில் எண்ணெயைச் சேர்த்து வைக்கும். இன்னொரு வகை சேர்ப்பது மெழுகு. பார்வைக்கு இரண்டும் ஒன்றுபோலத்தான் இருக்கும். தீவன ஆலைக்காரர்கள் ஆய்வகத்தில் கொடுத்து வாங்கும் சோதனைத்தாள் கொழுப்பு எவ்வளவு என்று சொல்லும். எந்தக் கொழுப்பு என்று சொல்லாது. எண்ணெயைத் தின்னும் வளர்ப்புமீன் கொழுக்கும். மெழுகு பெரும்பாலும் செரிக்காமல் போய்விடும்.

சேரன்மகாதேவி சாலையில் தீவன ஆலை வைத்திருக்கும் சிவசண்முகம் அதைக் கேட்டுத்தான் அவளிடம் வந்தார். ஆழ்கடல் இறாலுக்குப் போகும் விசைப்படகுகளில் கூடவே அகப்படும் இந்த மீனைச் சங்காயம் என்று ஒதுக்குவார்கள். தின்ன ஆகாத கழிவு மீனுக்கெல்லாம் அந்தப் பெயர்தான். அதை வாங்கி அரைத்துத் தீவனத்தில் சேர்க்கலாமா என்பது அவர் கேள்வி. "நமக்கு மீனப் பத்தி என்ன தெரியும் டீச்சர். நீங்க இன்ன மீனுன்னு ஒரு காய்தத்துல எழுதித் தாங்க, அது போதும்" என்றார்.

ஏப்ரல் மாதம் அவள் எழுதிக் கொடுத்தாள். எண்ணெய் வகை என்று.

சோதிக்க மீனைக் கொண்டுவந்து தந்தவள் உவரியிலிருந்து மீன் விற்க வரும் மிக்கேலம்மாள். தூத்துக்குடியில் படகு ஏறும் மகனிடம் சொல்லிவைத்து, சங்காயத்திலிருந்து லாந்தர் மீனைப் பொறுக்கி, பனிக்கட்டிப் பெட்டியில் அடுக்கிக்கொண்டு அவளே பஸ் ஏறி வந்தாள். கரோலின் பெட்டியைத் திறந்தாள். மீன்கள் வெள்ளி பூசியதுபோல் பளபளத்தன.

"என்ன மிக்கேலம்மா இது?"

"என்ன டீச்சரம்மா, சின்னதா இருக்கா? இதுக்கு மேல வளராதுன்னு மகன் சொன்னான்."

"இல்ல. கழுவினீங்களா?"

"கழுவாமலா கொண்டாருவேன். கல்லுப்பு போட்டு, கல்லுல தேச்சு, ஒரு செதிலு விடாம உரசி எடுத்துருக்கேன். கல்யாண வீட்டுக்குக்கூட நான் இப்படிக் குடுத்ததில்ல. கறுப்புக் கறுப்பா வயித்துல அம்மத் தழும்பு மாதிரி ஒண்ணு இருந்துச்சு. அருவருப்பா இருக்குமேன்னு அதையும் நகத்தால கீறி எடுத்துட்டேன். ரெண்டு நாளு இடுப்ப ஒடிச்சுட்டு. காலேஜுக்குப் போற மீனு, நாலு பேரு பாப்பாவள்லா."

கரோலின் சிரித்தாள். வேறு என்ன செய்ய முடியும். காப்பி போட்டுக் கொடுத்து அனுப்பினாள். படியிறங்கும்போது மிக்கேலம்மாள் திரும்பி, "இத எப்படிக் கொழம்பு வைப்பிய?" என்று கேட்டுவிட்டுப் போனாள்.

அந்தக் கறுப்புத் தழும்புகள்தான் ஒளிப்புள்ளிகள். வலையில் உரசியே பாதி போய்விடும். மீதியை ஒரு நல்ல மனம் கல்லில் தேய்த்து எடுத்துவிட்டது. வேறு மீன் கேட்கலாமென்றால் அடுத்த வாரம் தடைக்காலம். இரண்டு மாதம் படகு போகாது. ஆய்வேட்டை ஜூனுக்குள் கொடுத்தாக வேண்டும்.

அவள் எண்ண உட்கார்ந்தாள். புள்ளி இருந்த இடத்தில் தோலில் ஒரு மங்கிய பள்ளம் மிஞ்சும். சிலவற்றில் அது தெரிந்தது. பலவற்றில் தெரியவில்லை. தெரியாத இடத்தில் அவள் நூலைத் திறந்து வைத்துக்கொண்டு, எண்ணெய் வகைக்கு அங்கே என்ன இருந்திருக்க வேண்டுமோ அதை எழுதினாள். முதல் மீனில் ஒரு எண்ணை அப்படி எழுதினாள். பத்தாவது மீனில் ஒரு வரிசை முழுவதையும். காதுக்கல்லை எடுத்துப் பார்த்திருக்கலாம். எண்ணெய் வகையின் கல்லுக்குப் பல் உண்டு, மெழுகு வகைக்கு ஓரம் வழவழப்பு. மண்டையைப் பிளந்து எடுக்க ஒரு மீனுக்குக் கால்மணி நேரம் ஆகும். பார்த்தால் என்ன தெரிந்துவிடுமோ என்றுதான் பார்க்கவில்லை என்பதை அவள் தனக்குத்தானேகூட வார்த்தையாக்கிச் சொன்னதில்லை. அந்த எண்களின் மேல்தான் ஆய்வேட்டின் மூன்றாம் இயல் நின்றது. அதே எண்களிலிருந்துதான் சிவசண்முகத்துக்குக் கடிதமும் போனது.

திங்கட்கிழமை முத்துராணி வந்திருக்காவிட்டால் அது அப்படியே கிடந்திருக்கும்.

முப்பது வயதிருக்கும். கல்லூரி வாசலில் காவல்காரரிடம் கடிதத்தின் நகலைக் காட்டி விசாரித்துக்கொண்டு நின்றாள். கையில் ஒரு பிளாஸ்டிக் பாட்டில் நிறையத் தண்ணீர், பையில் கொஞ்சம் தீவனம். அம்பாசமுத்திரத்துக்கு அந்தப் பக்கம், பிரம்மதேசம் போகும் வழியில், நெல் விளைந்த வயலில் குட்டை வெட்டி விரால் வளர்க்கிறாள்.

"காலையில பாத்தா தண்ணி மேல வெள்ளையா பாலேடு மாதிரி கெடக்கு டீச்சர். எண்ணெப் பிசுக்கும் இல்ல, பாசியும் இல்ல. மீனு திங்குது. நல்லாத்தான் திங்குது. ஆனா தல மட்டும் பெருசா, ஒடம்பு வத்திப் போவுது. தீவனம் சரியில்லையோன்னு சிவசண்முகம் அண்ணாச்சிட்ட கேட்டேன். அவிய இந்தக் காய்தத்தக் காட்டுதாவ. காலேஜு டீச்சரே பாத்து எழுதிருக்கு, நீ தண்ணிய ஒழுங்கா மாத்துன்னு சொல்லுதாவ."

கரோலின் பாட்டிலை வாங்கி வெளிச்சத்தில் பிடித்தாள். மேலே மெல்லிய வெண்படலம். அப்போதே அவளுக்குத் தெரிந்துவிட்டது. "ரெண்டு நாள் குடுங்க. பாத்துச் சொல்லுதேன்" என்றாள்.

தீவனத்தை நிறுத்து என்று சொல்லவில்லை. சொன்னால் ஏன் என்று கேட்பாளே.

புதன்கிழமை மாலை தீவனத்தை வெந்நீரில் கரைத்து, வடித்து, அடியில் தங்கிய மண்ணிலும் எலும்புத் துணுக்கிலும் தேடியபோது கிடைத்தவைதான் அந்தப் பதினொரு கற்கள். அவித்தாலும் அரைத்தாலும் சிலது உடையாமல் தப்பிவிடும். மீனின் தோலை யார் வேண்டுமானாலும் தேய்த்துவிடலாம். காதுக்குள் எந்தக் கையும் போகாது.

வியாழக்கிழமை அரைநாள் விடுப்புப் போட்டு ஆலைக்குப் போனாள். வாசலில் மூட்டைகள் அடுக்கியிருந்தன. சிவசண்முகம் பொடி படிந்த சட்டையோடு எழுந்து நாற்காலியைத் துடைத்துப் போட்டார்.

"இது எங்க போவுது அண்ணாச்சி?"

"ஏரலுக்கு. அங்கன பெரிய பண்ணை ஒண்ணு. நாளைக்கு ரெண்டு மணிக்கு லாரி. எல்லாம் உங்க புண்ணியம் டீச்சர்."

"அந்த மீனுல ஒரு சந்தேகம்."

அவர் முகம் மாறவில்லை. மின்விசிறியை நிறுத்தச் சொன்னார். அதன் சத்தம் அடங்கும்வரை காத்திருந்தார்.

"சந்தேகம்னா?"

"வகை மாறியிருக்கலாம். மெழுகு வகையா இருக்கலாம். பிரம்மதேசத்துல ஒரு பொம்பள வளக்குத மீனு வத்திப் போவுது."

"முத்துராணியச் சொல்லுதியளா? அது நல்ல பிள்ளதான். ஆனா அதுக்கு மீனு வளத்துப் பழக்கம் இல்லல்லா." கொஞ்சம் யோசித்தார். "சரி. நான் மீனப் படிச்சவன் இல்ல, ஒங்கள நம்புனவன். அது எண்ணெ மீனுன்னு எழுதித் தந்திய, சேத்தேன். இல்லன்னு எழுதித் தாங்க, லாரிய நிறுத்துதேன். இந்த நிமிசமே மூட்டைய உள்ள போடுதேன். வாய்ச்சொல்ல வச்சுக்கிட்டு ஏரல்காரன்ட்ட நான் என்ன வே சொல்லுவேன்?" கடைசி வரியை அவர் பக்கத்தில் நின்ற கணக்குப்பிள்ளையைப் பார்த்துக் கேட்டார்.

மேஜைமேல் வெள்ளைத் தாளும் பேனாவும் வைத்தார். இரண்டையும் அவள் பக்கம் நகர்த்தினார்.

கரோலின் தாளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வெளியே யாரோ மூட்டை தைக்கும் ஊசியைக் கேட்டார்கள். எழுதினால் அந்தத் தாள் ஆலையோடு நிற்காது. ஏரல் பண்ணைக்குப் போகும், அங்கிருந்து கல்லூரிக்கு வரும். இருபதாம் தேதி மேஜைக்கு எதிரே உட்காரப்போகிறவர்கள் மூன்றாம் இயலைத் திறந்து வைத்துக்கொண்டு முதல் கேள்வியாக அதைத்தான் கேட்பார்கள்.

"இன்னொரு தடவ பாத்துட்டுச் சொல்லுதேன் அண்ணாச்சி."

"பாருங்க. அவசரம் இல்ல. நாளைக்கு ரெண்டு மணி வரைக்கும் நேரம் இருக்கு." அவர் குத்தலாகச் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் தேவலை என்று பஸ்ஸில் திரும்பும்போது நினைத்தாள்.

வெள்ளிக்கிழமை காலை எட்டு மணிக்கு முத்துராணி போன் செய்தாள்.

"டீச்சர், பாத்தாச்சா? ராவுல கொஞ்சம் செத்துட்டு. நேத்து ஒரு மடங்கு கூட்டித்தான் போட்டேன், அப்படியும் தேறல."

"கூட்டியா போட்டீங்க?"

"மெலிஞ்ச பிள்ளைக்குச் சோறு கூட்டித்தான போடணும். அதான் ரெண்டு வாரமாவே கூட்டிக்கிட்டு வாரேன். காய்தம் சரியா இருக்குல்லா, அப்பம் தீவனத்துல கொறை இருக்காதுன்னு."

"இனி போடாதீங்க. ஒரு பிடிகூடப் போடாதீங்க. நான் வாரேன்."

"நிறுத்துனா மிச்சமும் செத்துரும்லா டீச்சர்."

"நான் வாரேன்."

சேரன்மகாதேவி, வீரவநல்லூர் என்று பஸ் நின்று நின்று போனது. சேரன்மகாதேவி வருவதற்கு முன்பே ஆலைக்குத் திரும்பும் பாதை தெரிந்தது. இறங்கியிருக்கலாம். இறங்கவில்லை. கல்லிடைக்குறிச்சி தாண்டி ஆற்றுப் பாலத்தில் போகும்போது பக்கத்திலிருந்தவள் எழுந்து ஆற்றைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டாள். என்ன சொல்வது என்று கரோலின் வழியெல்லாம் வாக்கியங்களை அடுக்கிப் பார்த்துக்கொண்டே வந்தாள். ஒவ்வொரு வாக்கியத்திலும் தவறு வேறு யாருடையதோவாக இருந்தது. மிக்கேலம்மாளுடையதாக, தடைக்காலத்துடையதாக.

குட்டை வரப்பில் முத்துராணி சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு வலைக்கூடையோடு நின்றாள். வரப்போரம் செத்த மீன்கள். விரால் மூச்சுவாங்க மேலே வரும் மீன். வந்த மீன்கள் திரும்பிப் போக வலுவில்லாததுபோல் வாயைத் திறந்தபடியே மிதந்தன. தலைக்குப் பின்னால் உடம்பு கத்தி மாதிரி ஒடுங்கியிருந்தது.

மோட்டார் கொட்டகையின் சுவரில் ஒரு பிளாஸ்டிக் உறைக்குள் கரோலினின் கடித நகல் ஆணியில் தொங்கியது. மாமியார் வீட்டு ஆட்கள் வந்து கேட்கும்போது காட்டுவதற்காக என்று முத்துராணி சொன்னாள். "நெல்லப் போடாம குட்டையத் தோண்டுனேன்னு தெனமும் ஒரு பேச்சு. நானு இதத்தான் காட்டுவேன். படிச்சவிய எழுதுனதுன்னு."

"முத்துராணி, அந்தக் காய்தம் தப்பு."

முத்துராணி கூடையைக் கீழே வைத்தாள்.

கரோலின் சொன்னாள். கல்லைப் பற்றி, பல்லைப் பற்றி, எண்ணெயைப் பற்றி, மெழுகைப் பற்றி. பாடம் நடத்துவதுபோலவே வந்தது. கூட்டிக் கூட்டிப் போட்டதெல்லாம் மெழுகு என்றும், அதுதான் தண்ணீரில் மிதக்கிறது என்று தான் நினைப்பதாகவும் சொன்னாள். முத்துராணி குட்டையையே பார்த்துக்கொண்டு கேட்டாள்.

"எப்பம் தெரிஞ்சுது டீச்சர்?"

"கல்லு புதன்கிழமைதான் கெடச்சுது."

பொய் இல்லை. வாய்க்காலில் தண்ணீர் போகும் சத்தம் கேட்டது. மேலே ஒரு கொக்கு தாழ வந்து ஆள் இருப்பதைப் பார்த்து விலகிப் போனது.

முத்துராணி பெருமூச்சு விட்டாள். "புதன்கிழமதான. அப்பம் உங்க மேல என்ன இருக்கு. தெரியாம நடந்தது." முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "நான்கூட என் கைதான் ஆவாத கைன்னு நெனச்சேன். மாமியா அப்படித்தான் சொல்லுதாவ. நீங்களாச்சும் இம்புட்டுத் தூரம் வந்து சொன்னியளே. தண்ணி குடிக்கியளா?"

கொட்டகைக்குள் போய்ச் செம்பை விளக்கி நீர் மொண்டு வந்து நீட்டினாள். கரோலின் வாங்கினாள். வாய்வரை கொண்டுபோனாள். குடிக்க முடியவில்லை.

"அன்னைக்கே தெரியும்."

"என்னது?"

"ஏப்ரல்லயே. மீன எண்ணும்போதே. வந்த மீனுல தோலு இல்ல. எண்ண முடியல. புஸ்தகத்தப் பாத்துட்டு எழுதினேன். திங்கக்கெழம நீங்க வந்து பாட்டிலக் காட்டும்போதே இது அதுதான்னு தெரியும். அப்பவே நிறுத்தச் சொல்லியிருக்கணும்."

முத்துராணி அவள் கையிலிருந்த செம்பைப் பார்த்தாள். பிறகு செவ்வாய், புதன், வியாழன் என்று எண்ணுவதுபோல் மூன்று விரல்களை மடக்கினாள். கூட்டிப் போட்ட தீவனத்தின் காலி மூட்டை கொட்டகை வாசலில் கால்மிதியாகக் கிடந்தது.

முத்துராணி உள்ளே போனாள். ஆணியிலிருந்து உறையைக் கழற்றிக் கடிதத்தை உருவினாள். மகளுடைய பள்ளிக்கூடப் பேனா ஒன்றைத் தேடி எடுத்து, இரண்டையும் கொண்டுவந்து மோட்டாரின் இரும்பு மூடிமேல் வைத்தாள்.

"எழுதுங்க."

கரோலின் கடிதத்தைத் திருப்பிப் போட்டுப் பின்பக்கத்தில் எழுதினாள். மீன் எண்ணெய் வகை அல்ல, மெழுகு வகை. இதைச் சேர்த்த தீவனத்தைப் பயன்படுத்த வேண்டாம். கையெழுத்துப் போட பேனாவைக் கீழே நகர்த்தியபோது முத்துராணி, "மத்ததையும்" என்றாள்.

"எது?"

"இப்பம் எங்கிட்ட சொன்னியள்லா. அது."

எழுதினாள். ஏப்ரலில், மாதிரியாக வந்த மீன்களில் அடையாளம் சிதைந்திருந்ததை அறிந்தே எழுதினேன். பார்க்காததைப் பார்த்ததாகக் குறித்தேன். தமிழில் எழுதும்போது ஒளிந்துகொள்ள இடமில்லாமல் இருந்தது. தேதி போட்டாள். கையெழுத்துப் போட்டாள்.

மணி பன்னிரண்டே முக்கால். கைபேசியில் படமெடுத்துச் சிவசண்முகத்துக்கு அனுப்பிவிட்டு அழைத்தாள். அவர் எடுத்தார், படித்துக்கொண்டிருப்பது மூச்சில் தெரிந்தது. பின்னால் லாரியில் மூட்டை விழும் சத்தம்.

"ஏலே, ஏத்துறத நிறுத்து. பைய இறக்கு" என்று அவர் யாரையோ சொல்வது கேட்டது. அந்தச் சத்தம் நின்றது. பிறகு தாழ்ந்த குரலில், "டீச்சர், அந்த ரெண்டாவது விசயம் வேணுமா?"

"எது அண்ணாச்சி?"

"அறிஞ்சேன்னு எழுதிருக்கியள்லா. மொதல்ல உள்ளதே எனக்குப் போதும். வகை மாறிப்போச்சுன்னா யாரும் ஒண்ணும் சொல்ல மாட்டாவ, மனுசன் எண்ணுததுதான. இது ஏரலுக்குப் போனா அங்கயிருந்து காலேஜுக்குப் போவும். ஒங்க படிப்பு என்னாவும்? மொத விசயத்த மட்டும் வேற தாளுல எழுதி அனுப்புங்க. இத நான் அழிச்சுடுதேன்."

நல்ல மனிதர். மனதாரத்தான் சொன்னார். மிக்கேலம்மாளும் மனதாரத்தான் தேய்த்தாள்.

முத்துராணி குட்டைக்குள் இறங்கியிருந்தாள். முழங்கால் தண்ணீரில் நின்று செத்த மீனைக் கூடையில் அள்ளிக்கொண்டிருந்தாள். இந்தப் பக்கம் திரும்பவில்லை. கேட்டுக்கொண்டிருக்கிறாள் என்பது அவள் முதுகில் தெரிந்தது.

"இருக்கட்டும் அண்ணாச்சி" என்றாள் கரோலின். "ரெண்டும் சேந்ததுதான்."

போனை வைத்துவிட்டு அதே படத்தைத் தன் ஆய்வு வழிகாட்டிக்கும் அனுப்பினாள். போய்ச் சேர்ந்தது என்று காட்டியது. அவர் இன்னும் பார்க்கவில்லை.

கடிதத்தை என்ன செய்வது என்று தெரியாமல் திரும்ப உறைக்குள் போட்டு, எழுதிய பக்கம் வெளியே தெரியும்படி ஆணியில் மாட்டினாள். செருப்பைக் கழற்றிவிட்டு வரப்பின் விளிம்புக்கு வந்தாள்.

"நானும் எறங்குதேன். இன்னொரு கூடை இருக்கா?"

முத்துராணி ஒரு மீனை எடுத்து அதன் வயிற்றைக் கட்டைவிரலால் அமுக்கிப் பார்த்தாள். பிறகு கூடையில் போட்டாள்.

"அம்பாசமுத்திரத்துக்கு ரெண்டரைக்கு ஒரு மினிபஸ் இருக்கு டீச்சர்" என்றாள்.